ஒன்பது சட்டை, ஒரே நாற்காலி: ஜர்னிமேன் குவார்ட்டர்பேக் என்றால் யார்?

ரயன் ஃபிட்ஸ்பேட்ரிக் என்பவர் அமெரிக்க ஃபுட்பாலின் பெரிய லீகான என்.எஃப்.எல்.லில், பந்தை எறிந்து ஆட்டத்தை நடத்தும் குவார்ட்டர்பேக்காக 2005 முதல் 2021 வரை 17 சீசன் இருந்தார். அதற்குள் 9 அணிகளின் சட்டையைப் போட்டுவிட்டார். செயின்ட் லூயிஸ், சின்சினாட்டி, பஃபலோ, டென்னசி, ஹூஸ்டன், நியூயார்க் ஜெட்ஸ், டாம்பா பே, மயாமி, கடைசியாக வாஷிங்டன். ஒன்பது அணிக்கும் முதல் ஆளாக, அதாவது ஆட்டத்தைத் தொடங்கும் ஆளாக, களத்தில் இறங்கியிருக்கிறார். வேறு எந்தக் குவார்ட்டர்பேக்கும் இதைச் செய்ததில்லை.

இதை யாரிடம் சொன்னாலும் இரண்டில் ஒரு பதில் வருகிறது. "ஒன்பது இடத்திலும் கழற்றி விட்டார்களா? அப்போ ஆட்டம் சரியில்லை போல." இல்லாவிட்டால், "யார் அதிகப் பணம் கொடுத்தாலும் தாவுகிற ஆளா?" இரண்டுமே தவறு. இப்படிப்பட்ட ஆட்டக்காரருக்கு அங்கே ஜர்னிமேன் என்று பெயர். அந்தப் பெயரைச் சரியாகப் புரிந்துகொண்டால் பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும்.

பெயருக்குள் பயணம் இல்லை

ஜர்னி என்றதும் நமக்குப் பயணம்தான் நினைவுக்கு வரும். ஊர் ஊராகப் போகிறவர், அதனால் ஜர்னிமேன் என்று அமெரிக்கர்களிலேயே பலர் நினைக்கிறார்கள். ஆனால் இந்தச் சொல் பிரெஞ்சு மொழியில் 'ஒரு நாள்', 'ஒரு நாள் வேலை' என்ற பொருள் தரும் சொல்லிலிருந்து வந்தது. பழைய ஐரோப்பாவில் தச்சு, கொல்லு, தையல் போன்ற தொழில்களில் மூன்று படிகள் இருந்தன. முதலில் கையாளாகச் சேர்ந்து தொழில் கற்பவன். அடுத்து, தொழிலைக் கற்று முடித்து நாள் கூலிக்கு வேலை செய்பவன். கடைசியில் சொந்தப் பட்டறை வைத்திருக்கும் முதலாளி. இதில் நடுப்படிக்காரர்தான் ஜர்னிமேன்.

நம் ஊர்க் கட்டட வேலையை நினைத்தால் எளிது. சித்தாள், கொத்தனார், மேஸ்திரி என்று மூன்று பேர் இருக்கிறார்கள். கொத்தனாருக்குத் தொழில் முழுதாகத் தெரியும். தூக்குக்குண்டு பிடித்துச் சுவர் எழுப்பினால் கோணாமல் நிற்கும். ஆனால் கட்டடம் அவர் பொறுப்பில் இல்லை. இந்த வீடு முடிந்தால் அடுத்த வீடு. ஒருவர் இருபது வீட்டில் வேலை பார்த்தார் என்றால் அவருக்கு வேலை தெரியாது என்று யாரும் சொல்வதில்லை. வேலை தெரிந்ததால்தானே இருபது வீட்டுக்காரர்கள் கூப்பிட்டார்கள்!

ஒரு அணிக்கு ஒரு நாற்காலி

இங்கே ஃபுட்பால் என்பது கையில் நீள்வட்டப் பந்தை வைத்து ஆடும் அமெரிக்க ஆட்டம். பக்கத்துக்கு 11 பேர். நான்கு முயற்சிக்குள் பந்தைக் குறைந்தது 10 யார்டு முன்னே நகர்த்த வேண்டும். நகர்த்தினால் மீண்டும் நான்கு முயற்சி. எதிரணியின் கோட்டைத் தாண்டிப் பந்தைக் கொண்டுபோனால் டச் டவுன். தாக்கும் அணியில் ஒவ்வொரு முயற்சியிலும் பந்தை முதலில் கையில் வாங்கி, யாரிடம் கொடுப்பது, யாருக்கு எறிவது என்று இரண்டு மூன்று நொடிக்குள் முடிவெடுப்பவர்தான் குவார்ட்டர்பேக். அவர் எறிந்ததை எதிரணிக்காரன் பிடித்துவிட்டால் அது இன்டர்செப்ஷன். பந்தும் போச்சு, வாய்ப்பும் போச்சு.

ஒரு நேரத்தில் ஒரே ஒரு குவார்ட்டர்பேக்தான் களத்தில் இருப்பார். மற்ற பல இடங்களில் ஆட்களை மாற்றி மாற்றி இறக்குவார்கள். இந்த இடத்தில் மட்டும் முதல் ஆள் காயம்பட்டாலோ, படுமோசமாக ஆடினாலோ ஒழிய இரண்டாவது ஆளுக்கு வேலையே கிடையாது.

கிரிக்கெட்டில் இதற்கு மிக நெருக்கமானது விக்கெட் கீப்பர் இடம். தினேஷ் கார்த்திக் 2004இல் தோனிக்கு முன்பே இந்திய அணிக்குள் வந்தவர். அடுத்த பல ஆண்டுகள் அந்தக் கையுறை தோனியிடம் இருந்தது. ஐ.பி.எல்.லில் கார்த்திக் 6 அணிகளுக்கு ஆடினார். அவரைத் திறமையில்லாதவர் என்று நாம் யாரும் சொல்ல மாட்டோம். இடம் ஒன்றுதான், அதில் ஏற்கெனவே ஓர் ஆள் இருந்தார் என்று நமக்குத் தெரியும். கார்த்திக்காவது மட்டையாளராக மட்டும் உள்ளே வர முடிந்தது. குவார்ட்டர்பேக்குக்கு அந்த வழியும் கிடையாது.

லீகில் 32 அணிகள். ஆக, அங்கே இந்த வேலைக்கு இருப்பது 32 நாற்காலிதான். அவற்றில் பாதிக்கும் மேல், பெரிய ஒப்பந்தம் பெற்றவர்களோ அணி தன் எதிர்காலமென்று நம்பும் இளைஞர்களோ உட்கார்ந்திருப்பார்கள். மிச்சமுள்ள சில நாற்காலிகளைச் சுற்றித்தான் மற்ற எல்லோரும் வருடா வருடம் நடக்கிறார்கள்.

யார் எங்கே போவது என்று யார் முடிவு செய்கிறார்கள்?

'தாவினார்' என்ற பேச்சு தவறாவது இங்கேதான். கல்லூரி முடித்து வரும் ஆட்டக்காரர்களை அணிகள் முறை வைத்துத் தேர்ந்தெடுக்கும் நிகழ்ச்சிக்கு டிராஃப்ட் என்று பெயர். மொத்தம் 7 சுற்று. எந்த அணி எடுக்கிறதோ அங்கேதான் போக வேண்டும். ஆட்டக்காரருக்கு விருப்பம் சொல்ல இடமில்லை.

2005 டிராஃப்டில் ஏரன் ராஜர்ஸ் 24ஆவது ஆள், முதல் சுற்று. ஹார்வர்டில் பொருளாதாரம் படித்துவிட்டு வந்த ஃபிட்ஸ்பேட்ரிக் 250ஆவது ஆள், கடைசிச் சுற்று. ராஜர்ஸும் உடனே ஆடிவிடவில்லை. கிரீன் பேயில் பிரெட் ஃபார்வ் என்ற ஜாம்பவானுக்குப் பின்னால் மூன்று ஆண்டுகள் உட்கார்ந்திருந்தார். ஆனால் முதல் சுற்றை அவர்மீது செலவழித்த அணி அவரைப் பொத்திப் பொத்தி வளர்த்தது. ராஜர்ஸ் அசாத்தியமான திறமைசாலி, அதில் சந்தேகமே இல்லை. நான் சொல்ல வருவது வேறு. கடைசிச் சுற்றில் வந்தவருக்காக யாரும் மூன்று ஆண்டு காத்திருக்க மாட்டார்கள்.

ஃபிட்ஸ்பேட்ரிக்கின் முதல் ஆட்டம் 2005 நவம்பர் 27, ஹூஸ்டனில். முதல் ஆளுக்குக் காயம், அன்றைக்கு அடுத்த ஆளுக்கும் காயம், இவர் இறங்கினார். இடைவேளையில் செயின்ட் லூயிஸ் 24-3 என்று பின்தங்கியிருந்தது. இவர் எறிதல்களால் மொத்தம் 310 யார்டு பந்தை நகர்த்தி, 3 டச் டவுன் எறிந்து, கூடுதல் நேரத்தில் 33-27 என்று ஜெயித்துக் கொடுத்தார். அப்படித் தொடங்கிய மனிதரை இரண்டே ஆண்டில், 2007இல், சின்சினாட்டிக்கு ஒரு ஏழாம் சுற்று டிராஃப்ட் வாய்ப்புக்குப் பண்டமாற்றாகக் கொடுத்துவிட்டார்கள். இந்தப் பண்டமாற்றுக்கு டிரேட் என்று பெயர். பொதுவாக ஆட்டக்காரரின் சம்மதம் தேவையில்லை. போன் வரும், பெட்டியைக் கட்ட வேண்டும்.

அப்புறம் ஒப்பந்தம். செய்தியில் வரும் தொகையைப் பார்த்து ஏமாறக் கூடாது. ஐ.பி.எல். ஏலத்தில் சொன்ன தொகை அநேகமாகக் கைக்கு வரும். என்.எஃப்.எல்.லில் ஒப்பந்தத்தின் ஒரு பகுதிக்குத்தான் உத்தரவாதம். மிச்சம், அணி வைத்திருந்தால் வரும். 2011 அக்டோபரில் பஃபலோ ஃபிட்ஸ்பேட்ரிக்குக்கு 6 ஆண்டு, 5.9 கோடி டாலர் என்று ஒப்பந்தம் போட்டது. அப்போது அணி 4 வெற்றி, 2 தோல்வியில் இருந்தது. அந்த சீசனை 6 வெற்றி, 10 தோல்வியில் முடித்தது. அந்த ஆண்டு லீகிலேயே அதிகமாக 23 இன்டர்செப்ஷன் எறிந்தவர் இவர்தான். 2013 மார்ச்சில் விடுவித்துவிட்டார்கள். ஆறு ஆண்டு ஒப்பந்தம் ஒன்றரை ஆண்டு கூட நிலைக்கவில்லை.

இதுவரை பார்த்ததைச் சேர்த்தால்: நாற்காலி 32தான். முதலில் யார் எங்கே போவது என்பதை டிராஃப்ட் முடிவு செய்கிறது. அதன்பிறகு டிரேட் செய்வதும் விடுவிப்பதும் பெரும்பாலும் அணியின் கையில். ஜர்னிமேன் ஊர் மாறுவதில் அவருடைய விருப்பத்தைவிட மற்றவர்களின் முடிவே அதிகம்.

பிறகு ஏன் திரும்பத் திரும்பக் கூப்பிடுகிறார்கள்?

ஒவ்வொரு அணியும் மொத்தச் சம்பளமாக இவ்வளவுதான் செலவழிக்கலாம் என்று லீக் ஓர் எல்லை வைக்கிறது. இதுதான் சம்பள உச்சவரம்பு. 2024இல் அது 25.54 கோடி டாலர். அதற்குள் 53 பேர் கொண்ட அணியைக் கட்ட வேண்டும். முன்னணிக் குவார்ட்டர்பேக் ஒருவருக்கு மட்டும் ஆண்டுக்கு 5, 6 கோடி போய்விடும். அவருக்குக் காயம்பட்டால் சீசனே போச்சு என்று விட முடியாது. அதற்காக இன்னொரு நட்சத்திரத்தை வாங்கி உட்கார வைக்கவும் காசில்லை. ஏழு ஆண்டுக்கு மேல் அனுபவமுள்ள ஒருவருக்கு அதே ஆண்டில் குறைந்தபட்சச் சம்பளம் 12.1 லட்சம் டாலர். சாதாரண மனிதருக்கு அது பெரிய பணம்தான். அணியின் கணக்கில் சில்லறை. அந்தச் சில்லறைக்கு, ஆபத்து நேரத்தில் கை நடுங்காத ஒருவர் கிடைக்கிறார்.

இது பேக்கப் வேலை, அதாவது முதல் ஆளுக்கு மாற்றாகக் காத்திருப்பது. இன்னொரு வேலை இதைவிடக் கடினம். அணி ஓர் இளைஞனை எடுத்திருக்கும் அல்லது அடுத்த ஆண்டு எடுக்கப் போகும். அவன் தயாராகும்வரை யாராவது ஆட வேண்டும். அந்த இடைக்காலத்து ஆளைப் பிரிட்ஜ் குவார்ட்டர்பேக் என்பார்கள். பாலத்தின் மேல் யாரும் குடியிருப்பதில்லை, கடந்து போய்விடுவார்கள். மயாமியில் ஃபிட்ஸ்பேட்ரிக் செய்தது இதுதான். 2020 டிராஃப்டில் மயாமி டுவா டாகோவைலோவாவை 5ஆவது ஆளாக எடுத்தது. ஃபிட்ஸ்பேட்ரிக் முதல் 6 ஆட்டங்களை ஆடி 3 ஜெயித்தார், நன்றாகவே ஆடிக்கொண்டிருந்தார். அதன்பிறகு நாற்காலியை இளைஞனிடம் கொடுத்துவிட்டார்கள். மனசு உடைந்துவிட்டது என்று அவர் வெளிப்படையாகவே சொன்னார். சொல்லிவிட்டு, அந்த இளைஞனுக்குக் கற்றுக்கொடுக்கும் வேலையைத் தொடர்ந்தார்.

அதே ஆண்டு டிசம்பர் 26, லாஸ் வேகஸ். மயாமி தோற்கும் நிலையில் டுவாவை உட்கார வைத்து இவரை இறக்கினார்கள். 19 நொடி பாக்கி. ஒரு எதிரணிக்காரன் இவருடைய ஹெல்மெட் கம்பியைப் பிடித்து இழுக்க, முகம் பக்கவாட்டில் திரும்பிப்போய், பார்க்கவே முடியாத நிலையில் பந்தை எறிந்தார். மேக் ஹாலின்ஸ் 34 யார்டு தள்ளி அதைப் பிடித்தார். மயாமி 26-25 என்று ஜெயித்தது. அந்தக் காணொளியை நான் எத்தனை முறை பார்த்தேனோ தெரியாது. இவ்வளவுக்கும் அடுத்த ஆட்டத்துக்கு டுவாதான் முதல் ஆள் என்பதில் எந்த மாற்றமும் இல்லை.

உண்மையில் அவர் விற்பது என்ன?

பலரும் கவனிக்காத இடம் இது. ஜர்னிமேனின் முதல் சொத்து அவருடைய கை இல்லை, தலை.

ஒவ்வொரு அணிக்கும் பிளேபுக் என்று ஒன்று உண்டு. எந்த முயற்சியில் யார் எங்கே ஓட வேண்டும், யார் யாரைத் தடுக்க வேண்டும் என்ற திட்டங்களின் தொகுப்பு. நூற்றுக்கணக்கான திட்டங்கள் இருக்கும். சிக்கல் என்னவென்றால், ஒரே ஓட்டத்துக்கு ஓர் அணியில் ஒரு பெயர், இன்னோர் அணியில் வேறு பெயர். சமையல் அதேதான், குறிப்பு மட்டும் வேறு மொழியில். அணி மாறும் குவார்ட்டர்பேக் ஒவ்வொரு முறையும் புது மொழி படிக்க வேண்டும். படித்தால் மட்டும் போதாது, பத்துப் பேர் முன்னால் நின்று அந்த மொழியில் தடுமாறாமல் கட்டளையிட வேண்டும்.

இதற்கு 2023 நவம்பர் 5ஐவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது. மின்னசோட்டாவின் முதல் ஆள் கர்க் கசின்ஸுக்குக் குதிகால் தசைநாண் அறுந்துவிட்டது. அக்டோபர் 31 அன்று அரிசோனாவிலிருந்து ஜோஷ் டாப்ஸை டிரேடில் வாங்கினார்கள். டாப்ஸ் விண்வெளிப் பொறியியல் படித்தவர். அந்த ஞாயிறு அவர் ஆடுவதாகவே இல்லை. முதல் பகுதியிலேயே இளம் வீரர் ஜேரன் ஹால் தலையில் அடிபட்டு வெளியேற, டாப்ஸ் இறங்க வேண்டியதாயிற்று. உடன் ஆடுபவர்களில் பலருடைய பெயர்கூட அவருக்குத் தெரியாது.

குவார்ட்டர்பேக்கின் ஹெல்மெட்டுக்குள் ஒரு சின்ன ஒலிபெருக்கி இருக்கும். பயிற்சியாளர் அதில் பேசலாம். ஒரு முயற்சி முடிந்து அடுத்தது தொடங்க 40 நொடி. கடிகாரத்தில் 15 நொடி மிச்சமிருக்கும்போது ஒலி தானாக நின்றுவிடும். பயிற்சியாளர் கெவின் ஓ'கானல் அந்த இடைவெளியில் திட்டத்தைச் சொல்லி, அதன் பொருளையும் விளக்கிக்கொண்டே இருந்தார். டாப்ஸ் இரண்டு டச் டவுன் எறிந்தார், ஒன்றைத் தானே ஓடிப் போட்டார். கடைசி 22 நொடியில் வந்த டச் டவுனால் மின்னசோட்டா 31-28 என்று ஜெயித்தது. வந்து ஐந்தே நாள்.

அப்படியானால் ஏன் நிலைப்பதில்லை?

இந்தக் கேள்வியை விட்டுவிட்டால், ஜர்னிமேன் எல்லோரும் உலகம் கண்டுகொள்ளாத மேதைகள் என்று ஆகிவிடும். அதுவும் சரியில்லை.

மூன்று வாரம் கழித்து அதே டாப்ஸ் சிகாகோவுக்கு எதிராக 4 இன்டர்செப்ஷன் எறிந்தார். அதற்கடுத்த ஆட்டத்தின் நடுவிலேயே உட்கார வைத்துவிட்டார்கள். காரணம் பெரிய மர்மமில்லை. புது ஆளைப் பற்றி எதிரணிகளிடம் பதிவு இருக்காது. இரண்டு மூன்று ஆட்டம் முடிந்ததும் காணொளியைப் போட்டுப் பார்ப்பார்கள்: அழுத்தம் வந்தால் எந்தப் பக்கம் ஓடுகிறான், எந்த எறிதல் பிடிக்காது, எதற்கு ஆசைப்படுகிறான். பலவீனத்தைக் கண்டுபிடித்து அதையே குறிவைப்பார்கள். அப்படிக் குறிவைத்த பிறகும் தப்பிப்பவர்தான் நட்சத்திரம்.

ஃபிட்ஸ்பேட்ரிக் வாழ்க்கை முழுக்க இந்த ஏற்ற இறக்கம்தான். 2014இல் ஹூஸ்டனுக்காக, முந்தைய ஆண்டு தான் ஆடிய டென்னசிக்கு எதிராகவே 6 டச் டவுன் எறிந்தார். 2018இல் டாம்பா பேக்காகத் தொடர்ந்து மூன்று ஆட்டங்களில் 400 யார்டைத் தாண்டினார். அதற்குமுன் லீகில் யாரும் செய்ததில்லை. நான்காவது ஆட்டத்தின் இடைவேளையில் அவரை வெளியே எடுத்தார்கள். இடுக்கில் பந்தைத் திணிக்கும் துணிச்சல் அவருடைய இயல்பு. வெற்றியும் அதனால்தான் வந்தது, தோல்வியும் அதனால்தான். மொத்தக் கணக்கு: 34,990 யார்டு, 223 டச் டவுன், 169 இன்டர்செப்ஷன். தொடக்க ஆளாக 59 வெற்றி, 87 தோல்வி, 1 சமன். இது மோசமான ஆட்டக்காரரின் கணக்கு இல்லை. மோசமானவரை 147 ஆட்டங்களில் யாரும் முதல் ஆளாக இறக்க மாட்டார்கள். மாபெரும் ஆட்டக்காரரின் கணக்கும் இல்லை. நடுப்படிதான்.

வரிசையின் கடைசியில் நிற்பவர்

ஃபிட்ஸ்பேட்ரிக் ஜர்னிமேன்களில் வசதியானவர். அதே வரிசையில் ஜோஷ் ஜான்சனும் இருக்கிறார். 2008இல் ஐந்தாம் சுற்றில் டாம்பா பே எடுத்தது. அதையும் சேர்த்து 14 அணிகளில் இருந்திருக்கிறார். அணிகளின் எண்ணிக்கையில் சாதனை இவருடையது. பல இடங்களில் ஓர் ஆட்டம்கூட ஆடவில்லை. பிராக்டிஸ் ஸ்குவாட் என்ற பயிற்சிக் குழுவில், அதாவது 53 பேருக்கு வெளியே வாரக் கூலிக்குப் பயிற்சி மட்டும் செய்யும் இடத்தில் பல முறை இருந்தார்.

2018 டிசம்பரில் வாஷிங்டன் திடீரென்று கூப்பிட்டபோது, உடன் ஆடுபவர்களின் பெயர்களை வீடியோ கேம் விளையாடி மனப்பாடம் செய்தார். அந்த மாதம் 16ஆம் தேதி ஜாக்சன்வில்லை 16-13 என்று தோற்கடித்தார். தொடக்க ஆளாக அவருடைய முதல் வெற்றி அது. லீகுக்குள் வந்து பத்து ஆண்டு ஆகியிருந்தது.

2023 ஜனவரியில், லீகின் இறுதிப் போட்டியான சூப்பர் பவுலுக்கு ஒரு படி முன்னால், சான் ஃபிரான்சிஸ்கோவின் முதல் ஆள் பிராக் பர்டிக்கு முழங்கையில் காயம். ஜான்சன் இறங்கினார். அவருக்கும் தலையில் அடிபட்டது. அணியிடம் வேறு குவார்ட்டர்பேக்கே இல்லை. எறிய முடியாத கையுடன் பர்டி திரும்ப வந்து நின்றார். அணி 31-7 என்று தோற்றது. அந்த ஆண்டே லீக் விதியை மாற்றி, அவசரத்துக்கு மூன்றாவது குவார்ட்டர்பேக்கை ஆட்ட நாள் எண்ணிக்கையில் சேர்க்காமல் தயாராக வைத்துக்கொள்ள அனுமதித்தது.

பிளேஆஃப்

சீசன் முடிந்ததும் சிறந்த அணிகள் மட்டும் ஆடும் சுற்று பிளேஆஃப். ஃபிட்ஸ்பேட்ரிக் 17 சீசனில் ஒரு பிளேஆஃப் ஆட்டம்கூட ஆடியதில்லை. மிக அருகில் வந்தது 2015இல். ஜெட்ஸுக்காக 31 டச் டவுன் எறிந்தார், அந்த அணியின் சாதனை அது. கடைசி ஆட்டத்தை ஜெயித்தால் உள்ளே. எதிரணி பஃபலோ, அவரை விடுவித்த அதே அணி, அதே ஊர் மைதானம். கடைசிப் பகுதியில் மூன்று இன்டர்செப்ஷன். 22-17 என்று தோற்றார்கள். 10 ஆட்டம் ஜெயித்தும் ஜெட்ஸ் வெளியே.

2021இல் வாஷிங்டன் அவரை முதல் ஆளாக எடுத்தது. முதல் ஆட்டத்திலேயே இடுப்பில் காயம். அதன்பிறகு அவர் ஆடவே இல்லை. 2022இல் ஓய்வு பெற்றார். இரண்டுக்கும் நடுவில், 2022 ஜனவரி 15 அன்று, பஃபலோவில் ஒரு பிளேஆஃப் ஆட்டம் நடந்தது. உறைய வைக்கும் குளிர். பார்வையாளர் கூட்டத்துக்குள் தாடிக்காரர் ஒருவர் மேல்சட்டையைக் கழற்றிவிட்டு, சுற்றியிருந்தவர்களோடு சேர்ந்து பஃபலோவுக்காகக் கத்திக்கொண்டிருந்தார். ஃபிட்ஸ்பேட்ரிக்தான்.